மீனாட்சியின் மகள் மீனாம்பாள்: ஒரு பெயரின் வரலாறு



நினைவுச் சொற்பொழிவு என்பது ஒரு பெயரைச் சொல்லிக் கூடுவது. போனவரின் உடல் இல்லை, குரல் இல்லை. பெயர் இருக்கிறது, அதைச் சுற்றி நாம் உட்கார்ந்திருக்கிறோம். எனவே இன்று பெயரைப் பற்றியே பேசலாம் என்று வந்திருக்கிறேன். அதிலும் பெண்பிள்ளைக்கு வைக்கும் பெயர். ஊரறிந்த பழம்பெயர் ஒன்றை எடுத்துக்கொள்கிறோம். எல்லோரும் வைக்கும் வடிவத்தை விட்டுவிட்டு, அதிகம் பேர் வைக்காத இன்னொரு வடிவத்தை மகளுக்குத் தேர்ந்தெடுக்கிறோம். இது வெறும் செவிச்சுவை சார்ந்த விஷயமா? நம்மைப் போன்றவர்களின் வரலாற்றில் அப்படி இருக்க முடியாது என்பதுதான் என் பேச்சு. இதற்கு நான் எடுத்துக்கொள்ளும் சான்று, மீனாட்சி என்ற தாய்க்குப் பிறந்த மீனாம்பாள். அன்னை மீனாம்பாள் சிவராஜ்.

பெயருக்கும் விதி உண்டு

மனுஸ்மிருதியின் இரண்டாம் அத்தியாயத்தில் 31, 32, 33 ஆகிய சுலோகங்கள் பெயர் வைப்பது பற்றியவை. பிராமணனின் பெயர் மங்களத்தைச் சொல்ல வேண்டும், சத்திரியனின் பெயர் வலிமையை, வைசியனின் பெயர் செல்வத்தை. சூத்திரனின் பெயர் இழிவைச் சொல்ல வேண்டும். 33ஆம் சுலோகம் பெண்களுக்கு: எளிதாக உச்சரிக்க வரவேண்டும், கடுமை கூடாது, பொருள் தெளிவாக இருக்க வேண்டும், மனதுக்கு இனிமையாக, மங்களமாக, நெடில் உயிரில் முடிந்து, ஆசி கூறுவதுபோல ஒலிக்க வேண்டும். நான்கு வருணத்துக்கும் வெளியே தள்ளப்பட்டவர்களுக்கு அந்த வரிகளில் இடமே இல்லை. இழிவான பெயர்கூட அங்கே எழுதிவைக்கப்படவில்லை.

நூலில் இல்லாத விதி ஊரில் இருந்தது. ஊர்த்தெருவில் வழங்கும் பெயரைச் சேரியில் வைத்தால், அது முழுசாக வாயில் வராது. லட்சுமி லெச்சியாவாள், முனியம்மாள் முனியாவாள். பேரன் பேத்தி எடுத்த கிழவியைப் பண்ணைவீட்டுப் பொடியன் பெயர் சொல்லிக் கூப்பிடுவான். கிழவி அவனை ‘சாமி’ என்பாள். பழைய பத்திரங்களைப் புரட்டியவர்களுக்கு இன்னொன்று தெரியும். ஊர்த்தெருப் பெண் பெயரின் பின்னால் ‘அம்மாள்’ என்று ஒரு சொல் நிற்கும். நம் பெண்கள் பெயருக்குப் பின்னால் அந்த இடத்தில் சாதி நிற்கும்.

இங்கே ஒரு தெளிவு வேண்டும். குப்பம்மாள், பிச்சை, மண்ணாங்கட்டி போன்ற பெயர்களையெல்லாம் ஆதிக்கச் சாதியார் சூட்டிய இழிபெயர்கள் என்று சொல்லிவிடுகிறோம். அது சரியல்ல. முன்பிறந்த பிள்ளைகள் தங்காமல் போன வீட்டில், இந்தப் பிள்ளையாவது எமன் கண்ணில் படாமல் பிழைக்கட்டும் என்று குப்பையில் புரட்டி எடுத்து வைத்த பெயர்கள் அவற்றில் உண்டு. அந்த வழக்கம் பல சாதிகளிலும் இருந்தது. அது ஒரு தாயின் பதற்றம். இழிவு பெயரில் இருந்ததைவிட, அதைக் கூப்பிட்ட வாயில்தான் அதிகம் இருந்தது.

இரண்டு வழிகள்

கூப்பிடும் வாய் இழிவு செய்கிறது என்றால், கூப்பிடப்படுபவர் என்ன செய்யலாம்? நம் முன்னோடிகள் 19ஆம் நூற்றாண்டின் இறுதியிலேயே இந்தக் கேள்வியைக் கேட்டார்கள். இரண்டு விடைகள் வந்தன.

இரட்டைமலை சீனிவாசன் 1893இல் ‘பறையன்’ என்ற பெயரிலேயே பத்திரிகை தொடங்கினார். எந்தச் சொல்லைக் கேட்டுத் தலை குனிந்தோமோ, அதையே அச்சில் ஏற்றித் தலை நிமிர்வது அவர் வழி. அயோத்திதாசப் பண்டிதர் அந்தச் சொல்லே எதிரிகள் சுமத்தியது என்றார். சாதிபேதமற்ற திராவிடர், பூர்வத் தமிழர் என்ற பெயர்களை முன்வைத்தார். ஒருவர் பெயரை ஏற்று அதன் பொருளை மாற்றப் பார்த்தார். மற்றவர் பெயரையே மாற்றப் பார்த்தார். 1922இல் எம்.சி. ராஜாவின் முயற்சியால் சென்னை மாகாண அரசு ஆதிதிராவிடர் என்ற பெயரை ஏற்றது, இந்த இரண்டாம் வழியின் ஒரு வெற்றி.

அண்ணல் அம்பேத்கர் இதை இன்னும் கறாராகப் பார்த்தார். ‘இந்துக்களிடமிருந்து விலகி’ என்று பொருள்படும் கட்டுரையில், பெயரில் என்ன இருக்கிறது என்ற கேள்வியை எடுத்துக்கொண்டு, எல்லாமே இருக்கிறது என்ற பக்கம் நின்று வாதிடுகிறார். ஆனால் இந்து சமூகத்துக்கு உள்ளேயே இருந்துகொண்டு புதுப்பெயர் சூட்டினால் பயனில்லை என்கிறார். மேற்கொண்டு கேள்வி கேட்டுப் பழைய பெயரைச் சொல்ல வைத்துவிடுவார்கள் என்பது அவர் கண்ட உண்மை. இந்த எச்சரிக்கையை மனதில் வைத்துக்கொண்டுதான் மேலே பேச வேண்டும்.

இவையெல்லாம் சமூகத்தின் பெயர் பற்றியவை. வீட்டுக்குள் பிள்ளைக்குப் பெயர் வைக்கும்போது இவர்கள் என்ன செய்தார்கள்? அயோத்திதாசருக்குப் பெற்றோர் வைத்த பெயர் காத்தவராயன். ஆரியமாலையை விரும்பியதற்காகக் கழுவேறிய கதைப்பாடல் நாயகனின் பெயர். அதை விட்டுத் தம் ஆசிரியரின் பெயரை எடுத்துக்கொண்டார். அவருடைய மகள்களின் பெயர்கள் அம்பிகாதேவி, மாயாதேவி. மாயாதேவி புத்தரின் தாய். அம்பிகை? சிவன் கோயில் அம்மன் என்று நாம் நினைப்போம். பண்டிதர் அப்படி நினைக்கவில்லை. ஔவையாக அறியப்படும் அம்பிகை ஒரு பௌத்தப் பெண் துறவி என்பதும், ஆத்திசூடி உள்ளிட்ட நீதிநூல்கள் அவர் அருளிய வாசகங்கள் என்பதும் அவர் ஆராய்ச்சி. இதை ஏற்பதும் மறுப்பதும் வேறு விவாதம். பெயர் வைத்தவர் மனதில் இருந்தது என்ன என்பதுதான் இங்கே நமக்கு முக்கியம். அவர் பிறர் வீட்டுப் பெயரை இரவல் வாங்கவில்லை. தம் வீட்டிலிருந்து போன பெயர் என்று கருதியதைத் திரும்ப எடுத்துக்கொண்டார்.

மீனாட்சி என்னும் பெயர்

இனி நம் பெயருக்கு வருவோம். மீனாக்ஷி என்றால் மீன் போன்ற கண்ணை உடையவள். கண்ணைக் குறிக்கும் பின்பாதி வடமொழி. முன்பாதியில் இருக்கும் மீன் நம்முடையது. முழுத் தமிழில் அங்கயற்கண்ணி, கயற்கண்ணி. பாண்டியர் கொடியில் மீன், பாண்டியர் தலைநகரின் அம்மன் பெயரில் மீன். தென்மாவட்டங்களில் மீனாட்சி என்று கூப்பிட்டால் ஒரு தெருவில் நாலு பேர் திரும்பிப் பார்த்த காலம் இருந்தது.

இத்தனை பரவலான பெயருக்கு இத்தனை வடிவங்கள் ஏன்? மீனாள், மீனாம்பிகை, மீனாம்பாள், மீனலோசனி, மீனா. ஒரு காரணம் உறவுமுறையில் இருக்கிறது. பேத்தி என்ற சொல்லே பெயர்த்தி, அதாவது பெயரைத் தாங்கியவள். பாட்டி பெயரைப் பேத்திக்கு வைக்க வேண்டும். ஆனால் மாமியார் பெயரை மருமகள் வாயால் சொல்லக் கூடாது. பிள்ளையை எப்படிக் கூப்பிடுவது, எப்படி வைவது? பெயரைக் கொஞ்சம் மாற்றினால் இரண்டும் நடக்கும். பாட்டி பெயரும் நிலைத்தது, மருமகள் வாய்க்கும் பூட்டு இல்லை.

இன்னொரு காரணம் சாதியில் இருக்கிறது. ஒரே அம்மன் பெயரை ஒவ்வொரு கூட்டமும் ஒவ்வொரு விதமாக உச்சரித்துத் தன் அடையாளத்தை அதில் ஒட்டிவைக்கும். மீனாட்சி ஆச்சி என்றாலே நகரத்தார் வீடு என்று தெரிந்துவிடும். ‘அம்பாள்’ என்று முடியும் பெயர்கள் சைவப் பற்றுள்ள வேளாளர் வீடுகளிலும் பிராமணர் வீடுகளிலும் புழங்கியவை. சேரிக்கு ஒரு வாசலும் திறந்து கிடக்கவில்லை.

மதுரைக்கு வெளியே ஒரு மதுரை

மீனாம்பாள் 1904 டிசம்பர் 26 அன்று பர்மாவின் ரங்கூனில் பிறந்தார். தந்தை வாசுதேவப் பிள்ளை, தாய் மீனாட்சி. பாட்டனார் மதுரைப் பிள்ளை ரங்கூனில் பெரும் வணிகர், கப்பல் வைத்திருந்தவர், புலவர்களை ஆதரித்துப் பாடல் பெற்றவர். பறையர் குடும்பம்.

இந்தப் பெயர்களை மறுபடி ஒருமுறை வரிசையாகச் சொல்லிப் பாருங்கள். பாட்டனார் பெயரில் மதுரை இருக்கிறது. தாயின் பெயரில் மதுரையின் அம்மன் இருக்கிறாள். மகளின் பெயரிலும் அவளே. ஆனால் மதுரையில் அந்த அம்மன் சந்நிதிக்கு இவர்களில் ஒருவரும் போக முடியாது. மீனாம்பாள் பிறந்தபோது அதுதான் நிலை. 1939 ஜூலை 8 அன்று வைத்தியநாத ஐயர் தலைமையில் கக்கன் உள்ளிட்டோர் மீனாட்சியம்மன் கோயிலுக்குள் நுழைந்தார்கள். அதையும் அர்ச்சகர்களில் ஒரு பகுதியினர் எதிர்த்தார்கள். அன்று மீனாம்பாளுக்கு 34 வயது. பிறந்ததிலிருந்து 34 ஆண்டுகள் அவர் அந்த அம்மன் பெயரைச் சுமந்திருக்கிறார். அந்த அம்மனின் வாசல் அவரது மக்களுக்கு அடைத்தே இருந்திருக்கிறது. கோயில் கதவுக்குக் காவல் போட முடிந்தது. பெயருக்குக் காவல் போட முடியவில்லை. ரங்கூனுக்கும் மதுரைக்கும் நடுவே ஒரு கடலும் இருந்தது.

சமூகவியல் படித்தவர்களிடம் இந்த இடத்தில் ஒரு சொல் தயாராக இருக்கும்: சமஸ்கிருதமயமாதல். எம்.என். ஸ்ரீநிவாஸ் 1952இல் குடகர் பற்றிய நூலில் முன்வைத்த கருத்து. கீழே இருப்பவர் மேலே இருப்பவரின் வழக்கங்களைப் பின்பற்றி மேலேறப் பார்க்கிறார் என்பது அதன் சாரம். நானும் அதைப் பரீட்சைக்குப் படித்து எழுதியவன்தான். அந்தச் சொல்லில் ஓரளவு உண்மையும் உண்டு. ஆனால் அது ஒன்றை முன்கூட்டியே தீர்மானித்துவிடுகிறது: மீனாட்சி மேலே இருப்பவர்களின் சொத்து, நாம் எடுத்தால் அது நகல். மீனைக் கொடியில் வைத்த நாட்டில், மீனைப் பெயரில் வைத்த அம்மன் யாருடைய தனிச்சொத்து? அயோத்திதாசர் அம்பிகையை எடுத்துக்கொண்டபோது கேட்ட கேள்வியும் இதுவே. நகல் எடுக்கிறவர் பரவலான வடிவத்தைத்தான் எடுப்பார். இந்தக் குடும்பம் தாயின் பெயரில் பாதியை அப்படியே வைத்துக்கொண்டு மறுபாதியை மாற்றியது. மகளின் பெயருக்குள் தாயின் பெயர் கேட்கிறது. ஆனாலும் அது தனிப்பெயர். கண் போன இடத்தில் தாய் வந்தாள்.

வெட்ட முடியாத மரியாதை

மீனாம்பாள் என்ற பெயரின் கடைசியைக் கவனியுங்கள். அம்பாள். அம்மா என்பதும் அதுதான், அம்மாள் என்பதும் அதுதான். லட்சுமி அம்மாள் என்று எழுதினால், மரியாதை தர விரும்பாதவன் அம்மாளை விட்டுவிட்டு லட்சுமி என்று கூப்பிடலாம். பெயருக்குப் பின்னால் தனியாக நிற்கும் மரியாதையைக் கழற்றுவது எளிது. மீனாம்பாளில் அது கழலாது. பெயரைச் சொல்ல வேண்டுமென்றால் அம்மாவைச் சொல்லித்தான் ஆக வேண்டும். வேண்டுமென்றே வெட்டினாலும் மீனா என்றுதான் மிஞ்சும். அது வீட்டில் செல்லமாகக் கூப்பிடும் பெயர், வசவாகாது. பெண் பெயர் நெடில் உயிரில் முடிய வேண்டும் என்ற மனுவின் விதிக்கும் இந்தப் பெயர் அடங்கவில்லை. அது ளகர மெய்யில் போய் நிற்கிறது.

இந்தப் பெயர் பொதுவெளியில் எப்படி வேலை செய்தது என்பதற்கு ஒரு காட்சி. 1938 நவம்பர் 13 அன்று சென்னையில் தமிழ்நாட்டுப் பெண்கள் மாநாடு நடந்தது. ஈ.வெ. ராமசாமிக்குப் ‘பெரியார்’ என்ற பட்டத்தைத் தீர்மானமாக நிறைவேற்றிய மாநாடு. தலைமை வகித்தவர் மறைமலையடிகளின் மகள் நீலாம்பிகை அம்மையார். முன்னின்று உழைத்தவர்களில் ஒருவர் மருத்துவர் தருமாம்பாள். பங்கேற்றவர்களில் மீனாம்பாளும் இருந்தார். நீலாம்பிகை, தருமாம்பாள், மீனாம்பாள். இந்த மூன்று பெயர்களை வைத்து எது எந்தத் தெருப் பெயர் என்று பிரித்துக் காட்ட முடியுமா? அச்சடித்த தாளில் மூவரும் ஒரே வரிசை. பெயருக்கே ஒரு பட்டம் கொடுக்கக் கூடிய மேடையில், ஒரு தலித் பெண் சமமான பெயரோடு இருந்தார்.

ஆனால் அம்பேத்கர் எச்சரித்த இடத்துக்கு இப்போது வர வேண்டும். பெயர் சமமாக ஒலித்ததால் சமத்துவம் வந்துவிடவில்லை. மீனாம்பாள் தம் சாதியை மறைத்துக்கொண்டு அந்தப் பெயருக்குப் பின்னால் வாழவில்லை. 1928லேயே பொதுமேடை ஏறினார். பட்டியல் சாதிக் கூட்டமைப்பின் தலைவர்களில் ஒருவராக வளர்ந்தார். 1944 செப்டம்பரில் அம்பேத்கர் சென்னைக்கு வந்தபோது நடந்த மகளிர் மாநாட்டில் முன்னணியில் நின்றார். 1945 மே மாதம் பம்பாயில் நடந்த அகில இந்தியப் பட்டியல் சாதி மகளிர் மாநாட்டுக்குத் தலைமை வகித்தார். மேற்கொண்டு கேள்வி கேட்டு யாரும் அவரிடமிருந்து எதையும் வரவழைக்க வேண்டியிருக்கவில்லை. அவரே மேடையில் முதலில் சொல்லிவிட்டார். சீனிவாசனின் வழியும் அயோத்திதாசரின் வழியும் ஒரே ஆளிடம் சேர்ந்தன என்று நான் இதைப் புரிந்துகொள்கிறேன். தனிப்பெயரில் கழற்ற முடியாத மரியாதை. சமூகத்தின் பெயரில் ஒளிவுமறைவு இல்லாத அறிவிப்பு. இரண்டும் சேர்ந்தபோதுதான் மக்கள் அவரை அன்னை மீனாம்பாள் என்றார்கள். பெயருக்குள் ஏற்கனவே அம்மா இருந்தாள். முன்னால் இன்னொரு அன்னையை மக்கள் சேர்த்தார்கள். 1992 நவம்பர் 30 அன்று அவர் மறைந்தார்.

மராத்தியில் அம்பேத்கரியப் பெண்களின் வரலாற்றை ஊர் ஊராகச் சென்று திரட்டிய நூல் ‘ஆம்ஹிஹி இதிஹாஸ் கடவ்லா’. ‘நாங்களும் வரலாறு படைத்தோம்’ என்று பொருள். 1989இல் வந்தது. எழுதியவர்கள் ஊர்மிளா பவார், மீனாட்சி மூன். மதுரையிலிருந்து எவ்வளவோ தொலைவில், அம்பேத்கரிய இயக்கத்தின் ஒரு மீனாட்சி, அந்த இயக்கத்துப் பெண்களின் பெயர்களையெல்லாம் தேடி எழுதிவைத்தார். ஒரு பெயர் கோயிலை விட்டுக் கிளம்பினால் எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு இதைவிட வேறு சாட்சி வேண்டாம்.

இன்றைய வீடுகளில்

இதையெல்லாம் கேட்ட பிறகு, ‘அப்படியானால் நம் பிள்ளைகளுக்கு மீனாம்பாள் என்று வைக்கச் சொல்கிறீர்களா?’ என்று யாராவது கேட்கலாம். மூன்று மறுப்புகளை நான் அடிக்கடி கேட்டிருக்கிறேன்.

முதலாவது: சாமி பெயர் எதற்கு? பௌத்தராகவோ பகுத்தறிவாளராகவோ வாழும் தோழர்கள் கேட்கும் நியாயமான கேள்வி. சுஜாதா, யசோதரா, மாயாதேவி, மணிமேகலை என்று நமக்கு வேறு செல்வம் உண்டு. அவற்றை எடுப்பவர்கள் எடுக்கட்டும். ஆனால் பாட்டியின் பெயர் சாமி பெயராக இருந்தால் நாம் நினைவுகூர்வது சாமியை அல்ல, பாட்டியை. இன்று மீனாம்பாள் என்று ஒரு பிள்ளைக்கு வைத்தால் நம் காதில் கேட்பது கூட்டமைப்பின் தலைவி.

இரண்டாவது: பழைய பெயர், பள்ளிக்கூடத்தில் கேலி செய்வார்கள். இதை லேசாகத் தள்ள மாட்டேன். பெயரைக் கேட்டதும் தெருவைக் கண்டுபிடிக்கும் நாட்டில், எந்தத் தெருவையும் காட்டாத பெயரைத் தேடும் பெற்றோரின் பயம் எனக்குப் புரிகிறது. எங்கிருந்து வந்தது என்று தெரியாத, பொருளும் தெரியாத, எழுத்து மட்டும் பொருந்துகிற பெயர்கள் நம் வீடுகளில் பெருகியதற்கு அந்தப் பயமும் ஒரு காரணம். நம்மில் பலர் எண்சோதிடம் பார்ப்பவரிடம் காசு கொடுத்துப் பெயர் வாங்குகிறோம். அந்தக் காசை மிச்சம் பிடித்து, வீட்டில் இருக்கும் மூத்த பெண்ணிடம் நாலு பெயர் கேட்கலாம். கேலிக்கு மருந்து கதை. தன் பெயர் யாருடையது என்று சொல்லத் தெரிந்த பிள்ளையைக் கேலி செய்வது கடினம்.

மூன்றாவது மறுப்பு அலுவலகத்திலிருந்து வரும். வழக்கமில்லாத வடிவத்தைச் சொன்னால், எழுதுகிறவர் தனக்குத் தெரிந்த வடிவத்தை எழுதிவிடுவார். நான் படித்த பள்ளியில் என் வகுப்புத் தோழி ஒருத்தியின் பெயர் இலக்குமி. வருகைப்பதிவில் லட்சுமி என்று எழுதிய ஆசிரியர், வீட்டில் தப்பாக வைத்திருப்பார்கள் என்றார். அவளுடைய தாத்தா திண்ணைப்பள்ளியில் தமிழ் படித்தவர். தெரிந்தே வைத்த பெயர் அது. சான்றிதழில் கடைசிவரை லட்சுமிதான். சேரிப்பிள்ளையின் பெயர் வேறுமாதிரி இருந்தால் அது தேர்வாக இருக்கும் என்று யாருக்கும் தோன்றுவதில்லை, பிழை என்றே தோன்றுகிறது. நாம் சண்டை போட வேண்டிய இடம் இது.

அதனால் நடைமுறையில் ஒன்றைச் சொல்லி முடிக்கிறேன். 1969ஆம் ஆண்டு பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தின்படி, பெயர் இல்லாமல் பிறப்பைப் பதிந்திருந்தால், பதிந்த நாளிலிருந்து 12 மாதத்துக்குள் கட்டணமின்றிப் பெயரைச் சேர்க்கலாம். அதன் பிறகு 15 ஆண்டுகள் வரை கட்டணம் செலுத்திச் சேர்க்கலாம். அவசரப்பட வேண்டாம். அந்தக் காலத்தில் தாய்வழியிலும் தந்தைவழியிலும் மூன்று தலைமுறைப் பெண்களின் பெயர்களை ஒரு தாளில் எழுதுங்கள். ஊர் கூப்பிட்ட சிதைந்த வடிவத்தை ஒரு பக்கமும், அவர்களுக்கு வைத்த முழுப்பெயரை எதிர்ப்பக்கமும் எழுதுங்கள். பல வீடுகளில் இரண்டாவது பக்கத்தை நிரப்பவே கிழவிகளிடம் கெஞ்ச வேண்டியிருக்கும். அந்தப் பெயர்களில் ஒன்றை எடுத்து, நீங்கள் விரும்பும் வடிவத்தில் வையுங்கள். ஒவ்வோர் எழுத்தையும் சொல்லி எழுத வையுங்கள். எழுதியதை வாங்கிப் படித்துப் பாருங்கள். தப்பாக இருந்தால் திருத்தித் தரும்வரை அந்த மேசையை விட்டு நகராதீர்கள்.